மோரி (வீட்டுக்குள் குளிக்கும், பாத்திரம் கழுவும் மூலை) வழியாக வரும் எலி: மும்பைத் தரைத்தள வீட்டில் பிடிப்பதும் அடைப்பதும்

தாராவியிலும் சயான் கோலிவாடாவிலும் மழை பிடித்தால் கட்டரில் (சாக்கடையில்) தண்ணீர் ஏறும். அங்கே வளை போட்ட எலிகள் வீட்டுக்குள் ஏறும். பலர் உடனே ஓட்டையைச் சிமெண்ட் வைத்து அடைத்துவிடுகிறார்கள். உள்ளே ஒன்று மாட்டிக்கொண்டால் புதிதாக வேறிடத்தில் குடையும், இல்லையேல் பரணில் செத்து நாறும். முதலில் பிடிப்பு, பிறகுதான் அடைப்பு.

1. எது வந்திருக்கிறது?
புழுக்கையைப் பாருங்கள். இரண்டு செ.மீ. நீளம், முனை மழுங்கல் என்றால் பழுப்பு எலி; ஒரு காலத்தில் கப்பலேறி வந்து துறைமுக நகரங்களில் தங்கிவிட்ட இனம். அரிசி அளவென்றால் சுண்டெலி. வளை வாசலில் மண் குவிந்திருந்தால் பெருச்சாளி. நீள மூக்கோடு கீச்சிடும் மூஞ்சூறு எலியே அல்ல, கரப்பான் தின்னும், விட்டுவிடுங்கள்.

2. எந்த வழி?
இரவில் ஒவ்வொரு ஓட்டையிலும் கசக்கிய செய்தித்தாளைச் செருகுங்கள். காலையில் எது வெளியே தள்ளப்பட்டிருக்கிறதோ அதுதான் பாதை. பென்சில் நுழையும் ஓட்டை சுண்டெலிக்குப் போதும்.

3. கூண்டு
பெரும்பாலும் சொதப்புவது இங்கேதான். புதுப் பொருள் என்றால் எலிக்குச் சந்தேகம். அதனால் கம்பிக் கூண்டைச் சுவரை ஒட்டி வைத்து, கதவைக் கயிற்றால் திறந்தபடியே கட்டி, மூன்று இரவு சும்மா தீனி போடுங்கள். நான்காம் இரவு கயிற்றை அவிழ்த்துப் பொறியை ஏற்றுங்கள். கருவாட்டுத் தலையோ சுட்ட தேங்காய்ச் சில்லோ போதும். கொக்கியில் நூலால் இறுக்கிக் கட்டாவிட்டால் தின்றுவிட்டுப் போய்விடும். அரிசி டப்பாவும் குப்பைக் கூடையும் திறந்து கிடந்தால் கூண்டுக்குள் வர அதற்கென்ன தலையெழுத்து?

சிக்கியதைக் கையுறை இல்லாமல் தொடாதீர்கள். அடுத்த சந்தில் விட்டால் திரும்பி வரும். வார்டு ஆபீசின் பூச்சிக்கொல்லிப் பிரிவில் கேளுங்கள்.

விஷம் ஒற்றை அறை வீட்டுக்கு ஒத்துவராது. புரோமடியோலோன் கட்டியைத் தின்ற எலி சில நாள் கழித்தே, கை எட்டாத இடத்தில் சாகும். மஞ்சள் பாஸ்பரஸ் பசையை வாங்கவே வேண்டாம்: குழந்தை வாயில் வைத்துவிட்டால் அதற்கென்று முறிமருந்து கிடையாது.

4. அடைப்பு
காகிதம் இரண்டு இரவு அசையாமல் இருந்தால் வேலையைத் தொடங்கலாம். குழாயைச் சுற்றிய இடைவெளியில் பாத்திரம் தேய்க்கும் ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் நாரைத் திணியுங்கள். சாதா இரும்பு நார் கடல் காற்றில் துருப்பிடித்து உதிரும். மேலே ஒரு பங்கு சிமெண்ட், மூன்று பங்கு மணல், கொஞ்சம் கண்ணாடிச் சில்லு சேர்த்த கலவையை மூன்று செ.மீ. கனத்துக்குப் பூசுங்கள். காலையிலேயே பூசி, இரவில் செங்கல் சாற்றிவையுங்கள். ஈரமாக இருந்தால் அன்றிரவே தோண்டிவிடும். மோரியின் நஹானி டிராப்புக்கு (தரையில் தண்ணீர் வடியும் குழிக்கு) திருகி மூடும் ஸ்டீல் ஜாலி, அதாவது ஓட்டை போட்ட மூடி. கதவடிக்குத் தகரப் பட்டை, ரப்பரைக் கடித்துவிடும்.

5. சுத்தம்
புழுக்கையைக் காய்ந்தபடி பெருக்கினால் தூசு மூக்கில் ஏறும். ஒரு பங்கு திரவ ப்ளீச்சுக்கு ஒன்பது பங்கு தண்ணீர் கலந்து தெளித்து, பத்து நிமிடம் ஊறவிட்டுத் துடையுங்கள். எலி மூத்திரம் கலந்த வெள்ளத்தில் காலில் புண்ணோடு நடந்திருந்தால் காய்ச்சலுக்குக் காத்திருக்காமல் டிஸ்பென்சரிக்குப் போங்கள். எலிக்காய்ச்சலைத் தடுக்கும் மாத்திரையை, வெள்ளத்தில் நடந்த 72 மணி நேரத்துக்குள் மருத்துவர் சொன்னபடி எடுக்க வேண்டும்.