சின்னப் பிள்ளைகளுக்குச் சிரிப்பு நாடகம் போடுவது எப்படி?

இலங்கையில் ஒக்டோபர் 1 சிறுவர் தினம் நெருங்கினால் போதும், எங்கள் தேயிலைத் தோட்டத்து முன்பள்ளியில் "ஒரு நாடகம் போட்டுத் தாங்களேன்" என்று கேட்பார்கள். முதல் தடவை நான் ஒரு மணி நேரக் கதையோடு போனேன். பாதிப் பிள்ளைகள் எழும்பி வாசலில் கிடந்த நாயோடு விளையாடப் போய்விட்டார்கள். ஐந்து வயதுக்குக் கீழே என்றால் 15 நிமிடமே தாராளம்.

கதையும் பெரிதாக வேண்டாம். வேலையாட்களை மேற்பார்க்கும் ஒரு கங்காணி, தேயிலைக் கொழுந்து போடும் ஒரு கூடை, அதற்குப் பின்னால் ஒளிந்திருக்கும் குரங்கு. குரங்கு இருக்கும் இடம் பிள்ளைகளுக்குத் தெரியும், கங்காணிக்குத் தெரியாது, சிரிப்பு முழுக்க அதில்தான் இருக்கிறது. "பின்னால! பின்னால!" என்று கத்துவார்கள். உடனே திரும்பிவிடக் கூடாது. "என்ன, முன்னாலயா?" என்று காதைச் சொறிந்துகொண்டு தப்பான பக்கம் போக வேண்டும். இரண்டு தடவை இப்படி, மூன்றாம் தடவை குரங்கு அவருடைய தொப்பியைப் போட்டுக்கொண்டு பக்கத்திலேயே நிற்கட்டும். ஒத்திகையில் எனக்கு அதிக நேரம் போவது இந்த இடத்தில்தான், ஏனென்றால் வசனத்தைப் பாடமாக்கி வரும் பெரியவர்களுக்குப் பிள்ளைகள் கத்தி முடிக்கும்வரை சும்மா நிற்கவே வராது.

முகமூடி வேண்டாம், மூன்று வயதுப் பிள்ளை அலறிவிடும். குரங்காக வருபவர் பிள்ளைகள் முன்னாலேயே மூக்கில் சாயம் பூசிக்கொள்ளட்டும். மலையகத்துக் காமன் கூத்து பார்த்து வளர்ந்த நமக்குத் தப்பு மேளம் அடித்துத் தொடங்கத்தான் கை துறுதுறுக்கும். சரி, அடியுங்கள், ஆனால் மூடிய அறைக்குள் விரல் நுனியால் மட்டும்.

நேரம் காலை பத்து மணி. அம்மாமார் மலையில் கொழுந்து பறித்துக்கொண்டிருப்பார்கள், பார்க்க வர முடியாது, அது எனக்கும் கவலைதான். ஆனால் ஒக்டோபரில் பின்னேரம் மழை பிடித்தால் தகரக் கூரைக்குக் கீழே ஒரு வசனமும் கேட்காது. அதனால் பேச்சே இல்லாமல் நடித்துக் காட்டவும் ஒருமுறை பழகி வையுங்கள்.

அப்புறம், குடித்துத் தள்ளாடும் அப்பா பாத்திரம் மட்டும் வேண்டவே வேண்டாம். பெரியவர்கள் விழுந்து விழுந்து சிரிப்பார்கள், அந்த வீட்டுப் பிள்ளை தலையைக் குனிந்துகொள்ளும். தள்ளாட்டம் வேண்டுமென்றால் சேற்றில் வழுக்குகிற ஆளாக மாற்றுங்கள், காலில் அட்டை ஏறித் துள்ளுகிற ஆள் என்றால் இன்னும் நல்லது, எல்லாப் பிள்ளைகளும் தங்கள் காலையும் தூக்கிப் பார்ப்பார்கள்.