மை நம்பர் கார்டு: எந்தப் பக்கத்தை யாரிடம் காட்டுவது?

ஜப்பானுக்கு வந்து, வீடு பார்த்து, குடியேறிய 14 நாளைக்குள் வார்டு ஆபீஸில் முகவரியைப் பதிந்துவிட்டீர்களா? சரி, அடுத்த சில வாரங்களில் உங்கள் 12 இலக்க மை நம்பர், அதாவது ஜப்பானில் வசிக்கும் ஒவ்வொருவருக்கும் அரசு தரும் அடையாள எண், பதிவுத் தபாலில் வரும். தபால் பெட்டியில் உங்கள் பெயரை ஒட்டி வையுங்கள். வீட்டில் ஆள் இல்லையென்றால் தபால்காரர் சீட்டு போட்டுவிட்டுப் போவார். ஒரு வாரத்துக்குள் திரும்பக் கொண்டுவரச் சொல்ல வேண்டும்.

அந்தக் கடிதத்தை அடையாளச் சான்றாகக் காட்ட முடியாது. அதிலுள்ள கியூஆர் கோடை ஸ்கேன் செய்து, போட்டோ ஏற்றி, கார்டுக்கு விண்ணப்பியுங்கள். தயாராக ஒரு மாதம் போல ஆகும். முதல் கார்டு இலவசம். கட்டாயம் இல்லைதான். ஆனால் பழைய மருத்துவக் காப்பீட்டு அட்டை கொடுப்பதை 2024 டிசம்பர் 2-ஆம் தேதியோடு நிறுத்திவிட்டார்கள். ஆஸ்பத்திரியில் இப்போது இந்தக் கார்டைத்தான் முதலில் கேட்கிறார்கள். எடுத்துவிடுவதே நல்லது.

கார்டு கைக்கு வந்ததும் இரண்டு பக்கத்தையும் நிதானமாகப் பாருங்கள். முன்பக்கத்தில் போட்டோ, பெயர், முகவரி, பிறந்த தேதி, பாலினம், காலாவதி தேதி. பின்பக்கத்தில் அந்த 12 இலக்கம், ஒரு கியூஆர் கோடு, தங்க நிறச் சிப். இந்தப் பிரிவினை வேண்டுமென்றே செய்யப்பட்டது. முன்பக்கம் அடையாளம் காட்ட. சிம் வாங்கும்போது கடைக்காரர் பார்க்கலாம், நகல் எடுக்கலாம். பின்பக்கத்து எண்ணோ வரி, சமூகப் பாதுகாப்பு, பேரிடர் உதவி போன்ற சட்டம் சொன்ன வேலைகளுக்கு மட்டும். சம்பளம் போடும் கம்பெனி கேட்கும், ஊருக்குப் பணம் அனுப்பும்போது வங்கி கேட்கும்; கொடுக்கத்தான் வேண்டும். ஜிம்மிலோ வாடகைக் கடையிலோ பின்பக்கத்தையும் நகல் எடுக்கப் பார்த்தால், வேண்டாம் என்று சொல்லுங்கள். எங்கே போனாலும் ஆதார் ஜெராக்ஸை நீட்டிப் பழகிய நமக்கு இது கொஞ்சம் புதுசு.

கார்டோடு ஒரு பிளாஸ்டிக் உறையும் தருவார்கள். அதைத் தூக்கிப் போடாதீர்கள். எண், பாலினம், உறுப்பு தான விருப்பம் ஆகிய இடங்களை மட்டும் அது மறைக்கும். இன்னொன்று: பின்பக்கத்துக் கியூஆர் கோடிலும் அதே எண்தான் இருக்கிறது. எண்ணை மட்டும் விரலால் மூடிக்கொண்டு படம் எடுத்து வாட்ஸ்அப்பில் போட்டால் மறைத்த மாதிரியே ஆகாது.

போலியைக் கண்டுபிடிக்க அட்டையிலேயே சில ஏற்பாடுகள் உண்டு. எழுத்துகள் லேசரால் பொறிக்கப்பட்டவை. வெறும் கண்ணுக்குக் கோடு போலத் தெரியும் நுண்ணெழுத்துகளும் இருக்கின்றன. கார்டின் சின்னமான மைனா-சான் என்ற முயல் படத்தின் பின்னணியில் முத்துப்போல மினுங்கும் மை. கார்டைச் சாய்த்தால் நிறம் மாறும். இத்தனை இருந்தும் 2024-இல் போலிக் கார்டைக் காட்டி அடுத்தவர் பெயரில் சிம் மாற்றிய மோசடிகள் வெளியே வந்தன. முகப்பை மட்டும் பார்த்து நம்பியதுதான் ஓட்டை. அதற்குப் பிறகே சிப்பைப் படித்துச் சரிபார்க்கும் இலவச ஆப்பை ஜப்பானின் டிஜிட்டல் துறை வெளியிட்டது. ஆகவே கடையில் போனைக் கார்டின் மேல் வைத்துச் சோதித்தால் கோபப்படாதீர்கள்.

அந்தச் சிப்பில் உங்கள் வரிக் கணக்கோ மருத்துவக் குறிப்போ கிடையாது. கார்டில் அச்சிட்ட விவரங்களும் மின்னணுச் சான்றிதழ்களும்தான் இருக்கின்றன. நோண்டிப் படிக்க முயன்றால் உள்ளே இருப்பது அழிந்துவிடும்படி செய்திருக்கிறார்கள். கார்டை வாங்கும்போது நாலு இலக்கப் பின் நம்பரும், ஆன்லைன் கையெழுத்துக்கு 6 முதல் 16 எழுத்துள்ள பாஸ்வேர்டும் வைக்கச் சொல்வார்கள். முன்பே யோசித்து வைத்துக்கொண்டு போங்கள். நாலு இலக்கத்தை மூன்று தடவை தப்பாக அடித்தால் பூட்டிக்கொள்ளும். திறக்க மறுபடியும் வார்டு ஆபீஸுக்குப் போக வேண்டி வரலாம். அந்த நாலு இலக்கம் நினைவிருந்தால், பல ஊர்களில் குடியிருப்புச் சான்றிதழைப் பக்கத்து கொன்பினி (கன்வீனியன்ஸ் ஸ்டோர்) மெஷினிலேயே எடுத்துவிடலாம்.

இனி, நம்மவர்கள் அதிகம் கோட்டைவிடும் இடம். ஜப்பானியர்களில் பெரியவர்களுக்குக் கார்டு 10 வருடம். நமக்கு, நிரந்தர வசிப்புரிமை இல்லாதவரை, விசா முடியும் நாளே கார்டும் முடியும். விசாவைப் புதுப்பித்துப் புது ஜைர்யூ கார்டு (வெளிநாட்டவருக்கான குடியிருப்பு அட்டை) வாங்கினாலும் மை நம்பர் கார்டு தானாக நீளாது. பழைய தேதி முடியுமுன் இரண்டு கார்டையும் எடுத்துக்கொண்டு வார்டு ஆபீஸுக்குப் போக வேண்டும். விசா முடிவு இன்னும் வரவில்லையென்றால், விண்ணப்பித்ததற்கான அடையாளத்தைக் காட்டி இரண்டு மாதம் நீட்டிப்புக் கேட்கலாம். விட்டுவிட்டால் 1000 யென் கட்டி முதலிலிருந்து விண்ணப்பிக்க வேண்டும்.

மை நம்பர் கார்டு பையில் இருப்பதால் ஜைர்யூ கார்டை வீட்டில் வைத்துவிட்டுப் போகலாம் என்று நினைக்காதீர்கள். 16 வயது நிரம்பியவர்கள் அதை எப்போதும் கையில் வைத்திருக்க வேண்டும் என்பது சட்டம்.

கார்டு தொலைந்தால் முதல் வேலை 0120-95-0178 என்ற இலவச எண்ணுக்கு அழைத்து முடக்குவது, ராத்திரியானாலும் எடுப்பார்கள். அப்புறம் போலீஸில் எழுதிக் கொடுத்து, அவர்கள் தரும் எண்ணோடு வார்டு ஆபீஸுக்குப் போனால் மறுகார்டுக்கு விண்ணப்பிக்கலாம்.