அனஸ்டமோசிஸ்: அறுவை அறிக்கையில் இந்தச் சொல்லைப் படிப்பது எப்படி

குடல் அறுவை முடிந்து வீடு திரும்புகிறவரின் டிஸ்சார்ஜ் சம்மரியில் ‘ரைட் ஹெமிகோலெக்டமி, சைட் டு சைட் ஐலியோகாலிக் அனஸ்டமோசிஸ்’ என்று ஒரு வரி இருக்கும். என்ன செய்தார்கள் என்று கேட்டால் வீட்டில் ‘குடலை வெட்டி ஒட்டவைத்திருக்கிறார்கள்’ என்பார்கள். தவறில்லை. பெருங்குடலின் வலப்பகுதியை அகற்றி, சிறுகுடலின் கடைப்பகுதியைப் பெருங்குடலோடு விலாவோடு விலாவாகச் சேர்த்திருக்கிறார்கள் என்பது அந்த வரியின் பொருள். எது எதோடு சேர்ந்தது, எந்தப் பக்கமாகச் சேர்ந்தது, அடுத்த பத்து நாளில் எதைக் கவனிக்க வேண்டும் என்பதெல்லாம் அந்த ஒரு வரியிலேயே அடங்கியிருக்கிறது.

சொல் கிரேக்கத்திலிருந்து வந்தது. ‘ஸ்டோமா’ என்றால் வாய். ஒன்றுக்கு வாய் வைத்துத் திறந்துவிடுவது என்பதே மூலப் பொருள். தமிழருக்கு இது எளிதில் பிடிபடும். வாய்க்கால், கால்வாய், மடைவாய் என்று நீர் ஓடும் இடத்தையெல்லாம் வாயாகவே பார்த்த மொழி இது. இரண்டு வாய்க்கால்களைக் கரை சேர்த்தால் மட்டும் போதாது. வாயோடு வாய் பொருந்தி, ஒன்றின் நீர் மற்றொன்றில் ஓட வேண்டும். அனஸ்டமோசிஸும் அதுதான். உள்ளே வெற்றிடம் உள்ள இரண்டு குழாய்கள், வாயோடு வாய் சேர்ந்து, ஒரே ஓட்டப்பாதை ஆவது.

ஆகவே இந்தச் சொல்லை எங்கே கண்டாலும் முதலில் கேட்க வேண்டிய கேள்வி, உள்ளே என்ன ஓடுகிறது என்பது. இரத்தம், உணவு, பித்தநீர், சிறுநீர், நிணநீர் என்று ஏதாவது ஒரு விடை கிடைத்தால் சொல் சரியான இடத்தில் இருக்கிறது. எலும்பு கூடுவதற்கும் தசைநாணைத் தைப்பதற்கும் தோலை மூடுவதற்கும் இது பொருந்தாது. நரம்பில்தான் குழப்பம். முகவாதத்துக்காக நாக்கின் நரம்பை முக நரம்போடு இணைக்கும் அறுவையைப் பழைய கட்டுரைகள் ‘ஹைபோகுளாசல் ஃபேசியல் அனஸ்டமோசிஸ்’ என்றே எழுதின. இன்றும் பலர் எழுதுகிறார்கள். நரம்பு குழாய் அல்ல என்பதால் கறாராக எழுதுகிறவர்கள் அங்கே ‘கோஆப்டேஷன்’ (முனைகளைப் பொருத்துதல்) என்பார்கள். வழக்கில் இருப்பதால் பிழை என்று அடிக்க வேண்டாம். புதிதாக எழுதும்போது தவிர்க்கலாம்.

உடற்கூறியலில் வரும்போது

அனாடமி புத்தகத்தில் இந்தச் சொல் வந்தால் யாரும் கத்தி வைக்கவில்லை. இயற்கையே போட்ட இணைப்புகள் அவை. மூளையின் அடியில் தமனிகள் சேர்ந்து அமைக்கும் வில்லிஸ் வளையம் (1664இல் தாமஸ் வில்லிஸ் விவரித்தது), உள்ளங்கையில் உள்ள இரண்டு தமனி வளைவுகள், தோள்பட்டையையும் முழங்காலையும் சுற்றியுள்ள பின்னல்கள், பெருங்குடலின் ஓரமாக ஓடும் தமனி ஆகியவை நல்ல எடுத்துக்காட்டுகள். பயன் ஒன்றே: ஒரு வழி அடைபட்டால் மறு வழியில் இரத்தம் போகும். 1785இல் ஜான் ஹண்டர், முழங்கால் பின்புறத்துத் தமனி வீக்கத்துக்குத் தொடையிலேயே தமனியைக் கட்டினார். கால் அழுகாமல் தப்பியது இந்தப் பக்கவழிகளால்தான்.

இதற்கு எதிர்ச்சொல் ‘எண்ட் ஆர்ட்டரி’, அதாவது முட்டுச்சந்துத் தமனி. விழித்திரையின் மையத் தமனி அப்படிப்பட்டது. அடைத்தால் மாற்று வழி இல்லை, பார்வை போகும். இதயத் தமனிகளுக்கு இடையே மெல்லிய இணைப்புகள் உண்டு. ஆனால் திடீர் அடைப்பின்போது கை கொடுக்கும் அளவுக்கு அவை அகலமானவை அல்ல. வருடக்கணக்கில் மெல்ல அடைபடும் குழாய்க்குத்தான் அவை விரிந்து உதவும். வில்லிஸ் வளையமும் எல்லோருக்கும் முழு வளையமாக அமைவதில்லை.

சிரைகளிலும் இப்படிச் சந்திப்புகள் உண்டு. கல்லீரல் சுருங்கி இறுகும் நோயில், கல்லீரலுக்குப் போக வழியில்லாத இரத்தம் உணவுக்குழாயின் கீழ்முனை, தொப்புள், மலவாய் ஆகிய இடங்களின் இணைப்புகள் வழியாகத் திரும்புகிறது. உணவுக்குழாயில் புடைத்த அந்தச் சிரைகள் வெடித்தால்தான் இரத்த வாந்தி.

இயற்கை இணைப்பு வேலை செய்கிறதா என்று படுக்கையருகிலேயே பார்க்க ஒரு சோதனை உண்டு. 1929இல் எட்கர் ஆலன் விவரித்த முறையின் திருத்திய வடிவம் அது. மணிக்கட்டில் கட்டைவிரல் பக்கமாக ஓடும் ரேடியல் தமனியில் ஊசியோ குழாயோ போடும் முன் செய்வார்கள். நோயாளி கையை இறுக்கி மூட வேண்டும். சோதிப்பவர் மணிக்கட்டின் இரு பக்கத் தமனிகளையும் விரலால் அழுத்திப் பிடிக்க வேண்டும். கையைத் திறந்தால் உள்ளங்கை வெளுத்திருக்கும். இப்போது சோதிப்பவர் சுண்டுவிரல் பக்கத்துத் தமனியை அழுத்திய தன் விரலை மட்டும் எடுக்க வேண்டும். ஐந்து முதல் ஏழு நொடிக்குள் சிவப்புத் திரும்பினால் உள்ளங்கை வளைவு நன்றாக இருக்கிறது. பதினைந்து நொடி தாண்டினால் அந்தக் கையை விட்டுவிடுவதே நல்லது. பலர் செய்யும் தவறு, விரல்களை விறைப்பாகப் பின்னோக்கி விரிக்கச் சொல்வது. அப்படி விரித்தாலே உள்ளங்கை வெளுத்துவிடும். நல்ல கையும் தோற்றதாகத் தெரியும். தளர்வாகத் திறந்தால் போதும்.

அறுவைப் பெயரைப் பிரித்துப் படிப்பது

அறுவைச் சொற்களின் வால்தான் பொருளைச் சொல்லும். ‘எக்டமி’ என்றால் வெட்டி அகற்றல். ‘ஆட்டமி’ என்றால் கீறித் திறத்தல். ‘ஆஸ்டமி’ என்றால் வாய் வைத்தல். ஆஸ்டமிக்கு முன் இரண்டு உறுப்பின் பெயர் இருந்தால் அது அனஸ்டமோசிஸ். ஒரு பெயர் மட்டும் இருந்தால் பெரும்பாலும் வாய் தோலில் திறக்கிறது என்று பொருள். கேஸ்ட்ரோஜெஜுனாஸ்டமி என்றால் இரைப்பை சிறுகுடலின் நடுப்பகுதியோடு சேர்ந்தது. கொலாஸ்டமி என்றால் பெருங்குடல் வயிற்றுத் தோலில் திறந்து பை மாட்டியிருக்கிறது. இந்த ஒரு விதியைத் தெரிந்துகொண்டால் பாதி அறிக்கை புரிந்துவிடும்.

பெயரில் ஓட்டத்தின் மேல்முனை முதலிலும் கீழ்முனை அடுத்தும் வரும். ‘ஹெபாடிகோஜெஜுனாஸ்டமி’யைப் பார்த்துக் கல்லீரலையே குடலில் தைத்ததாக நினைப்பவர் உண்டு. அங்கே ‘ஹெபாடிகோ’ என்பது கல்லீரலிலிருந்து வெளிவரும் பித்தக்குழாய்.

அடுத்தது, எந்தப் பக்கம். எண்ட் டு எண்ட் என்றால் முனையோடு முனை. எண்ட் டு சைட் என்றால் ஒன்றின் முனை மற்றதன் விலாவில். சைட் டு சைட் என்றால் விலாவோடு விலா. இரண்டு வாழைப்பழங்களை ஒட்டி வைத்து நடுவில் துளை போட்டது போல. இரு குழாய்களின் அகலமும் ஒவ்வாதபோது கடைசி வகை கை கொடுக்கும், ஏனென்றால் துளையின் நீளத்தை அறுவையாளரே முடிவு செய்யலாம். சிறுகுடலும் பெருங்குடலும் சேரும் இடத்தில் அது அதிகம் வருவது இதனால்தான்.

சில பெயர்கள் ஆட்களின் பெயரோடு வரும். பில்ரோத் 1 என்றால் மீந்த இரைப்பை சிறுகுடலின் முதல் பகுதியான டியோடினத்தோடு சேர்ந்தது. தியோடர் பில்ரோத் 1881இல் வியன்னாவில் செய்தது. பில்ரோத் 2 என்றால் சிறுகுடலின் நடுப்பகுதியான ஜெஜுனத்தோடு. ‘ரூ என் ஒய்’ என்பது லோசான் நகரத்து சேசார் ரூ பெயரால் வந்தது. குடலை ஒய் எழுத்துப் போலக் கிளைவிடச் செய்து இரண்டு அனஸ்டமோசிஸ் போடுவார்கள். கிளையின் நீளம் வழக்கமாக 40 முதல் 60 சென்டிமீட்டர். அதைவிடக் குட்டையாக இருந்தால் பித்தநீர் மேலே ஏறும்.

குடலில் போடும்போது

குடல் சுவரில் தையலைத் தாங்கும் அடுக்கு, உட்சவ்வை அடுத்துள்ள சப்மியூகோசா. 1887இல் அறுவை மருத்துவர் ஹால்ஸ்டெட் இதைக் காட்டினார். மேலாக மட்டும் குத்தி எடுத்த தையல் அறுத்துக்கொண்டு வரும். 3-0 நூலில் (இந்த எண் கூடக்கூட நூல் மெல்லியது), ஓரத்திலிருந்து 4–5 மில்லிமீட்டர் உள்ளே குத்தி, அதே அளவு இடைவெளி விட்டுப் போடுவது பொதுவான முறை. ஓரங்கள் உள்முகமாக மடங்க வேண்டும். 1826இல் அறுவை மருத்துவர் லெம்பேர் சொன்ன பாடம் அது: குடலின் வெளித்தோலும் வெளித்தோலும் தொட்டால் சீக்கிரம் ஒட்டும், உட்சவ்வு வெளியே பிதுங்கினால் ஒட்டாது. முடிச்சை இறுக்கிவிட்டால் இடையிலுள்ள சதைக்கு இரத்தம் போகாது. கசியாமல் இருக்க இன்னும் கொஞ்சம் இறுக்குவோம் என்பது பயிற்சி மருத்துவர்கள் விரும்பிச் செய்யும் தவறு, கசிவுக்கு நேர்வழியும் அதுவே. குடலுக்கு இரத்தக்குழாய்கள் வரும் மடிப்பான மெசென்ட்ரி சேரும் பக்கத்தில், கொழுப்பு மூடியிருக்கும் மூலைதான் அடிக்கடி ஓட்டை விடும் இடம். அங்கே ஓரத்தைக் கண்ணால் பார்க்காமல் குத்தக் கூடாது.

மலக்குடலின் ஆழத்தில் கைத்தையல் எட்டாது, ஊக்குகளை வட்டமாக அடித்து இணைக்கும் வட்ட ஸ்டேப்ளர் போடுவார்கள். அதை இயக்கியதும் உள்ளே இரண்டு சதை வளையங்கள் வெட்டுப்பட்டு வரும். ஓட்டை வடை போல இரண்டும் முழு வட்டமாக இருக்க வேண்டும். ஒன்று அறுந்திருந்தால் இணைப்பில் அந்த இடத்தில் பிளவு இருக்கலாம். பிறகு காற்றுச் சோதனை. இடுப்புக்குழியில் உப்புநீர் நிரப்பி, மேலே குடலைப் பிடித்து அடைத்து, மலவாய் வழியே காற்று ஊதுவார்கள். குமிழி வந்தால் ஓட்டை. சைக்கிள் கடைத் தொட்டியில் டியூப் பஞ்சர் பார்ப்பதற்கும் இதற்கும் வேறுபாடு ஒன்றுமில்லை.

இரத்தக்குழாயில் எல்லாம் தலைகீழ்

குடலில் ஓரம் உள்ளே மடங்க வேண்டும், இரத்தக்குழாயில் வெளியே மடிய வேண்டும். உட்படலமும் உட்படலமும் தொட்டால்தான் இரத்தம் வழுக்கிக்கொண்டு ஓடும். வெளி அடுக்கின் ஒரு நூலிழை உள்ளே தொங்கினாலும் அதைச் சுற்றி இரத்தம் உறையும். நோயுற்ற தமனியில் ஊசி உள்ளிருந்து வெளியே போக வேண்டும். வெளியிலிருந்து குத்தினால் உட்படலம் உரிந்து கதவு போல ஓட்டத்தை மறைக்கும். மூன்று இடத்தில் தாங்கு தையல் போட்டு வட்டத்தை முக்கோணமாக இழுத்துத் தைக்கும் முறையை அலெக்சிஸ் கரேல் 1902இல் வெளியிட்டார். நோபல் பரிசு 1912இல் வந்தது. இதயத் தமனிகளுக்கு இன்று 7-0, 8-0 நூல். நுண்ணோக்கியின் கீழ் துண்டான விரலை மீண்டும் பொருத்தும்போது 9-0, 10-0.

இதய பைபாஸ் அறிக்கையில் கிராஃப்ட் (அடைப்பைத் தாண்டிப் போடும் மாற்றுக் குழாய்) எண்ணிக்கையும் அனஸ்டமோசிஸ் எண்ணிக்கையும் ஒத்துப்போகாது. மூன்று கிராஃப்ட் போட்டவருக்கு அதில் ஒன்று மார்புத் தமனி, இரண்டு கால் சிரை என்று வைத்துக்கொள்வோம். மார்புத் தமனி தன் மூலத்திலேயே இணைந்திருப்பதால் அதற்குக் கீழ்முனை இணைப்பு ஒன்று போதும். சிரைகளுக்கு மேலே மகாதமனியில் ஒன்று, கீழே இதயத் தமனியில் ஒன்று. ஆக மொத்தம் ஐந்து. அறிக்கையில் ‘பிராக்சிமல் 2, டிஸ்டல் 3’ (மேல்முனை இரண்டு, கீழ்முனை மூன்று) என்று இருந்தால் எழுத்துப்பிழை அல்ல.

டயாலிசிஸ் நோயாளிகள் ‘பிஸ்டுலா கை’ என்று சொல்வதும் அனஸ்டமோசிஸ்தான். மணிக்கட்டில் சிரையைத் தமனியோடு தைப்பது. 1966இல் நியூயார்க்கில் பிரெசியா, சிமினோ குழுவினர் வெளியிட்ட முறை அது. ‘பிஸ்டுலா’ என்பது பொதுவாக நோயால் உண்டான தவறான வழிக்குப் பெயர். இங்கே மட்டும் வேண்டுமென்றே போட்டதற்கும் அதே பெயர் நிலைத்துவிட்டது. ஆறு வாரத்தில் சிரை 6 மில்லிமீட்டர் அகலம், தோலுக்கு 6 மில்லிமீட்டருக்குள் ஆழம், நிமிடத்துக்கு 600 மில்லிலிட்டர் ஓட்டம் என்ற அளவு வந்தால் ஊசி போடத் தயார். தினமும் விரல் வைத்துப் பார்த்தால் வண்டு ரீங்கரிப்பது போன்ற அதிர்வு தெரிய வேண்டும். நின்றுவிட்டால் அன்றே மருத்துவமனைக்குப் போக வேண்டும், மறுநாள் டயாலிசிஸ் நேரத்தில் சொல்லிக்கொள்ளலாம் என்று இருக்கக் கூடாது. அந்தக் கையில் பிபி பார்க்கவோ இரத்தம் எடுக்கவோ விடக் கூடாது.

லீக் என்றால்

குடல் அனஸ்டமோசிஸில் எல்லோரும் பயப்படும் சொல் ‘லீக்’. காரணங்கள் பெரும்பாலும் மூன்று: இழுத்துப் பிடித்த இணைப்பு, இரத்தம் போதாத ஓரம், கீழே அடைப்பு. புகை, ஸ்டீராய்டு, சத்துக்குறைவு, கீழ் மலக்குடல் இணைப்பு ஆகியவை ஆபத்தைக் கூட்டும். முதல் மூன்று நான்கு நாட்களில் சதையைப் பிணைக்கும் புரதமான பழைய கொலாஜன் கரைந்து புதியது இன்னும் வலுப்பெறாததால் இணைப்பு மிகவும் பலவீனமாக இருக்கும். கசிவு வெளிப்படுவது பெரும்பாலும் ஐந்தாம் நாளிலிருந்து எட்டாம் நாளுக்குள்.

முதல் அடையாளம் பல நேரம் வயிற்றுவலியாக இருப்பதில்லை. நாடி வேகமாக ஓடுவது, மூச்சு வாங்குவது, நன்றாக இருந்தவர் திடீரென்று சோர்ந்து படுப்பது, வயிறு மறுபடி உப்புவது என்று வரும். டிரெயின் பையில் பச்சையாகவோ மலநிறமாகவோ நீர் வந்தால் சந்தேகமே வேண்டாம். மூன்றாம் நாளுக்குப் பின் சிஆர்பி (உடலின் அழற்சியைக் காட்டும் இரத்தச் சோதனை) லிட்டருக்கு 150 மில்லிகிராமுக்கு மேலேயே நின்றால் பலர் சிடி எடுப்பார்கள். கீழ் மலக்குடல் இணைப்புக்கு மேலே தற்காலிகமாக ‘லூப் ஐலியாஸ்டமி’ (சிறுகுடலின் கடைப்பகுதியை வயிற்றுத் தோலில் திறந்து பை மாட்டுவது) வைப்பது கசிந்தாலும் மலம் வயிற்றுக்குள் பரவாமல் இருக்க. பையைப் பார்த்து ‘இணைப்பு சரியாக வரவில்லை போல’ என்று குடும்பத்தினர் முடிவு கட்டிவிடுகிறார்கள், அது முன்னெச்சரிக்கை.

தமிழில் எழுதுகிறவர்களுக்கு

‘இணைப்பு’ என்று மட்டும் எழுதினால் எலும்பும் இணைப்பு, வயரும் இணைப்பு. ‘வாயிணைப்பு’ என்றால் குழாயும் ஓட்டமும் கூடவே வந்துவிடுகின்றன. முதல் முறை ‘அனஸ்டமோசிஸ் என்னும் வாயிணைப்பு’ என்று எழுதி, பிறகு எது வசதியோ அதைத் தொடரலாம். ‘ஒட்டுதல்’ வேண்டாம், வயிற்றறுவைக்குப் பின் குடல்கள் வேண்டாத இடத்தில் ஒன்றோடொன்று பற்றிக்கொள்ளும் ‘அட்ஹீஷன்’ என்பதற்கு அந்தச் சொல் தேவைப்படும். ஆபரேஷன் தியேட்டரில் ‘அனஸ்டமோஸ் பண்ணியாச்சு’ என்பார்கள். எழுத்தில் ‘வாயிணைத்தார்’ என்று எழுதிப் பார்த்தால் உறுத்தவில்லை.

நோயாளி தன் அறுவைக் குறிப்பின் நகலை வாங்கி வைத்துக்கொள்ள வேண்டும். டிஸ்சார்ஜ் சம்மரியில் பல நேரம் ஒரு வரிதான் இருக்கும். ரூ என் ஒய் போட்டவருக்குப் பத்து வருடம் கழித்துப் பித்தக்குழாயில் கல் வந்தால் சாதாரண எண்டோஸ்கோப் அங்கே எட்டாமல் போகலாம். கிளையின் நீளம் என்ன, எந்த விலாவில் தைத்தது என்று தெரிந்தால்தான் எந்தக் கருவியை எடுப்பது என்று அந்த மருத்துவர் முடிவு செய்ய முடியும்.