சென்ட்ரல் ஏ.சி. ஃபில்டர் வாங்கும்போது விலையை மட்டும் பார்க்காதீர்கள்

கிருஷ்ணகிரியில் ஜவுளிக்கடை, மருத்துவமனை, மண்டபம் என்று சென்ட்ரல் ஏ.சி. வைத்திருப்பவர்களுக்கு இந்தக் குறிப்பு. இங்கே கிரானைட் தூசியும் உண்டு, 44-ஆம் எண் நெடுஞ்சாலையின் லாரிப் புகையும் உண்டு. இரண்டும் ஒன்றல்ல. கல் தூசியில் பெரும்பகுதி பருமனானது, முன்னால் போடும் கழுவக்கூடிய ஃபில்டரே அதைப் பிடித்துவிடும். நுரையீரலின் ஆழம் வரை போவது புகைத்துகள். அதைப் பிடிக்க, முதல் ஃபில்டருக்குப் பின்னால் இன்னொரு நுண் ஃபில்டர் கட்டாயம் வேண்டும்.

அந்த இரண்டாவதை வாங்கும்போது, காற்று ஃபில்டர்களுக்கான சர்வதேசத் தரமான ஐ.எஸ்.ஓ. 16890 சோதனை முடிவைக் கேளுங்கள். சில செயற்கை இழை ஃபில்டர்கள் மின்னேற்றத்தால் தூசியை ஈர்க்கும். புதிதில் நன்றாக இருக்கும், நாளாக நாளாகத் திறன் குறையும். இந்தச் சோதனையில் மின்னேற்றத்தை நீக்கியும் அளப்பதால் உண்மை தெரிந்துவிடும்.

அப்புறம், அழுத்த இழப்பு, அதாவது ஃபில்டரைக் கடக்கும்போது காற்றின் அழுத்தம் குறைவது, எத்தனை பாஸ்கல் (அழுத்தத்தின் அலகு) என்று கேளுங்கள். அது கூடினால் அதே அளவு காற்றைத் தள்ள புளோயர் அதிக மின்சாரம் இழுக்கும். என்னைக் கேட்டால், மடிப்புகள் அதிகமுள்ள ஃபில்டருக்குக் கொஞ்சம் கூடுதலாகக் கொடுக்கலாம். பரப்பு அதிகம் என்பதால் காற்று எளிதாகப் போகும், அடைபடவும் நாளாகும். குப்பைக்குப் போவதும் குறையும்.

மாற்றும் நாளைக் காலண்டரை வைத்து முடிவு செய்யாதீர்கள். ஃபில்டருக்கு முன்னும் பின்னும் அழுத்த வேறுபாடு காட்டும் மீட்டர் ஒன்றைப் பொருத்துங்கள். உற்பத்தியாளர் சொன்ன உச்ச அளவைத் தொட்டதும் மாற்றினால் போதும். மாட்டும்போது சட்டத்தைச் சுற்றி ரப்பர் கேஸ்கெட் சரியாக உட்கார்ந்திருக்கிறதா என்று கையால் தடவிப் பாருங்கள். இடுக்கு இருந்தால் காற்று அந்த வழியாகவே போய்விடும்.