பையனுக்குப் பதினெட்டு ஆகவில்லையா? முதல் நாளே சொல்லுங்கள்

மலேசியாவில், பினாங்கின் ஜார்ஜ்டவுன் லைட் ஸ்திரீட் கோர்ட்டில் குற்ற வழக்குகள் பார்க்கும் வழக்கறிஞர் நான். பையனைப் பாலாய்க்கு, அதாவது போலீஸ் நிலையத்துக்கு, கொண்டுபோய்விட்டார்கள் என்று ஓடிவரும் குடும்பத்தை முதலில் உட்காரவைத்து, ஒரு தாளில் மூன்று தேதிகளை எழுதச் சொல்வேன். பிறந்த தேதி, சம்பவம் நடந்ததாகப் போலீஸ் சொல்லும் தேதி, கோர்ட்டில் குற்றம் சாட்டும் தேதி. யாரோடு சேர்ந்தான், எதற்குப் போனான் என்ற கதையெல்லாம் அப்புறம்.

நம் நாட்டின் 2001 சிறார் சட்டப்படி 18 வயது நிரம்பாதவர் சிறார். பத்து வயதுக்குக் கீழே இருந்தால் குற்றமே கிடையாது. தண்டனைச் சட்டம் 82ஆம் பிரிவு அப்படித்தான் சொல்கிறது. 10 முதல் 12 வரை என்றால், செய்ததன் விளைவைப் புரிந்துகொள்ளும் முதிர்ச்சி இருந்ததா என்று பார்ப்பார்கள். 14 வயதுக்குக் கீழே சிறைத் தண்டனை இல்லை.

மூன்று தேதி எதற்கு என்றால், எல்லாவற்றுக்கும் ஒரே தேதியை வைத்து வயதைக் கணக்குப் போடுவதில்லை. சம்பவத்தன்று 17, குற்றம் சாட்டும்போது 18 தாண்டிவிட்டது என்றால் வழக்கு சிறார் நீதிமன்றத்துக்குப் போகாது, சாதாரண நீதிமன்றத்தில்தான் நடக்கும். சிறார் நீதிமன்றத்தில் வழக்கு நடந்துகொண்டிருக்கும்போது 18 நிரம்பினால் அங்கேயே தொடரும். பெரியவர்களோடு சேர்த்துக் குற்றம் சாட்டினால் மறுபடி சாதாரண நீதிமன்றம். மரண தண்டனைக்குரிய குற்றம் என்றால் சிறார் நீதிமன்றம் விசாரிக்க முடியாது, உயர் நீதிமன்றம்தான். ஆனால் சம்பவத்தன்று சிறாராக இருந்தவருக்குத் தூக்குத் தண்டனை விதிக்கவே கூடாது. அதற்குப் பதிலாகச் சிறைக்காவல்: பினாங்கில் நடந்தது என்றால் மாநில ஆளுநரின் விருப்பம் உள்ளவரை, கோலாலம்பூர் என்றால் மாமன்னரின் விருப்பம் உள்ளவரை. எத்தனை வருடம் என்று தீர்ப்பில் எழுதாத இந்த முறை செல்லாது என்று மேல்முறையீட்டு நீதிமன்றம் ஒருமுறை சொன்னது. 2007இல் கூட்டரசு நீதிமன்றம் செல்லும் என்று முடித்துவைத்தது.

இனி காகிதங்கள். எல்லோரும் முதலில் நீட்டுவது ஐசி என்ற அடையாள அட்டை. அதன் முதல் ஆறு எண்கள் பிறந்த வருடம், மாதம், நாள். 081123 என்றால் 2008 நவம்பர் 23. பெரும்பாலான வழக்குகளில் வயதுக் கேள்வி இதோடு முடிந்துவிடும். ஆனால் ஐசி என்பது ஜேபிஎன் என்ற தேசியப் பதிவுத் துறையில் எழுதிக்கொடுத்ததன் நகல்தான். பிறப்பைத் தாமதமாகப் பதிந்த வீடுகளில், அந்தத் தேதியே யாரோ ஒருவர் நினைவிலிருந்து சொன்னதாக இருக்கும். தோட்டத்திலிருந்து வந்த நம் குடும்பங்களில் இது அரிதல்ல.

நிபோங் திபால் பக்கத்துப் பாட்டி ஒருவர் பேரனின் காகிதங்களை மைலோ டின்னில் போட்டுக் கொண்டுவந்தார். சூராட் பெரானாக் (பிறப்புச் சான்றிதழ்) படி சம்பவத்தன்று பையனுக்கு 18 முடிந்து மூன்று மாதம். பதிவு செய்ததோ அவன் பள்ளிக்குப் போகும் வயதில். பிறந்த நாள் ஜனவரி 1 என்று இருந்தது; இந்த ஜனவரி 1ஐப் பார்த்தாலே எனக்குச் சந்தேகம் வரும். "வேற ஒண்ணுமில்லையா பாட்டி?" என்றேன். "கிளினிக்கு புத்தகம் கெடக்கு, அது எதுக்கும்மா?" என்றார். அதுதான் வேண்டியிருந்தது. ஓரம் கரையான் அரித்த தடுப்பூசிப் புத்தகம். முதல் பக்கத்தில் பிசிஜி என்ற வரிக்கு எதிரே நீல மையில் தாதி எழுதிய தேதி, மேலே பாதி அழிந்த கிளினிக் முத்திரை. பிசிஜி பிறந்தவுடன் போடும் ஊசி. அந்தத் தேதி ஆகஸ்டில் இருந்தது.

ஆகவே தேடும்போது ஒரே விதி: வழக்கு வரும் என்று யாருக்கும் தெரியாத காலத்தில் எழுதிய காகிதத்துக்குத்தான் மதிப்பு. மருத்துவமனைப் பிரசவப் பதிவு, அம்மாவின் கர்ப்பகாலப் புத்தகம், தடுப்பூசிப் புத்தகம், தமிழ்ப்பள்ளிச் சேர்க்கைப் பதிவேடு. நம் பள்ளிகளில் பிறந்த வருடத்தை வைத்துத்தான் முதலாம் ஆண்டில் சேர்ப்பார்கள். 2015இல் முதலாம் ஆண்டு படித்தவன் பெரும்பாலும் 2008இல் பிறந்தவன். மாதம் தெரியாது, ஆனால் வருடத்துக்கு நல்ல சாட்சி. சாதகம் இருந்தால் அதையும் கொண்டுவாருங்கள். அதை மட்டும் நம்பி நான் கோர்ட்டில் எழுந்து நிற்க மாட்டேன், ஆனால் எந்த மருத்துவமனையில் எந்த மாதம் தேட வேண்டும் என்று அது காட்டும்.

எதுவுமே இல்லாவிட்டால் எக்ஸ்ரே. மணிக்கட்டு, கழுத்துப்பட்டை எலும்பு, கடைவாய்ப் பல் ஆகியவற்றைப் பார்த்து மருத்துவர் வயதை மதிப்பிடுவார். மணிக்கட்டுக்கு வைத்து ஒப்பிடும் கிராலிக்-பைல் படத்தொகுப்பு, அமெரிக்காவின் கிளீவ்லாந்து பிள்ளைகளின் படங்களால் ஆனது. விடை இரண்டு வருடம் முன்பின் இருக்கலாம். பதினைந்தா இருபதா என்பதற்கு உதவும். பதினேழே முக்காலா பதினெட்டே காலா என்ற சண்டை எலும்பால் தீராது.

தமிழ்நாட்டுச் செய்தி பார்த்துவிட்டு வருபவர்களுக்கு ஒரு வார்த்தை. அங்கே இந்தியாவின் 2015 சிறார் நீதிச் சட்டப்படி, சிறார் என்ற வாதத்தை வழக்கு முடிந்த பிறகும் எழுப்பலாம். இங்கே நம் சிறார் சட்டத்தின் 16ஆம் பிரிவு வேறு மாதிரி. எதிரே நிற்பவர் சிறார் போலத் தோன்றினால் நீதிமன்றம் வயதை விசாரித்தே ஆக வேண்டும். ஆனால் அது ஒரு வயதை முடிவுசெய்துவிட்டால், இந்தச் சட்டத்துக்கு அதுதான் உண்மை வயது. பிறகு வேறு ஆதாரம் கிடைத்தாலும் அதைக் காட்டித் தீர்ப்பைச் செல்லாததாக்க முடியாது. பையனோ தாடியும் மீசையுமாக நிற்கிறான், நாம் வாய் திறக்காவிட்டால் மாஜிஸ்திரேட்டுக்கு எப்படித் தோன்றும்?

எனவே முதல் 24 மணி நேரத்திலேயே வேலையைத் தொடங்குங்கள். அதற்குள் அவனை மாஜிஸ்திரேட் முன் கொண்டுவந்தாக வேண்டும். சிறாரைப் பிடித்தால் பெற்றோருக்கும் சமூகநல அதிகாரிக்கும் போலீஸ் உடனே தெரிவிக்க வேண்டும், லோக்காப்பில் பெரியவர்களோடு அடைக்கக்கூடாது. ஆனால் வீட்டுக்குத் தெரியக்கூடாது என்று பையன்களே "பத்தொன்பது" என்று சொல்லிவிடுகிறார்கள். அண்ணனின் ஐசி எண்ணைக் கொடுத்தவனும் உண்டு. விசாரணை அதிகாரியிடம் சூராட் பெரானாக்கின் நகலைக் கொடுங்கள், அசலைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். ரிமாண்ட் கேட்கும்போதே வயதைச் சொல்லி, பதிவு செய்யுமாறு வழக்கறிஞரைக் கேட்கச் சொல்லுங்கள்.

இன்னொன்று. சிறாரின் பெயர், படம், பள்ளி எதையும் ஊடகங்கள் வெளியிடக்கூடாது என்று சட்டம் இருக்க, சித்தப்பா ஒருவர் வாட்ஸ்அப் குழுக்களிலும் பேஸ்புக்கிலும் பள்ளிச் சீருடைப் படத்தோடு "நம் பிள்ளைக்கு உதவுங்கள்" என்று போட்டுவிடுவார். முதலில் அவரைக் கூப்பிட்டு அழிக்கச் சொல்லுங்கள்.