சுடலைமுத்துவுக்கு அகராதியில் பொருள் தேடாதீர்கள்

பிள்ளைக்குப் பெயர் தேடுகிறவர்களும் தங்கள் பெயருக்குப் பொருள் தேடுகிறவர்களும் இப்போது முதலில் கைப்பேசியைத்தான் எடுக்கிறார்கள். எந்தப் பெயரைத் தட்டினாலும் 'ஒளி', 'வெற்றி', 'இறைவனின் பரிசு' என்று ஏதாவது ஒன்று வந்து விழுகிறது. கன்னியாகுமரி மாவட்டத்துப் பெயர்களுக்கு இந்த வழி அநேகமாக உதவாது. இங்கே பல பெயர்கள் ஒரு கோயிலிலிருந்தோ, ஒரு புனிதரிடமிருந்தோ, மிஷன் பள்ளியிலிருந்தோ, ஒரு விளையிலிருந்தோ (தோப்பு நிலம்) வந்தவை. என்ன பொருள் என்று கேட்பதற்கு முன் எங்கிருந்து வந்தது என்று கேட்க வேண்டும்.

சுடலைமுத்துவையே எடுத்துக்கொள்ளுங்கள். அகராதி சுடலைக்குச் சுடுகாடு என்று பொருள் சொல்லும். அதைப் பார்த்துக் கூசிப்போய்ப் பெயரை மாற்றிக்கொள்ள நினைக்கிறவர்கள் உண்டு. பெயர் வைத்த பாட்டி சுடுகாட்டை நினைத்து வைக்கவில்லை; சுடலைமாடன் என்ற காவல் தெய்வத்தை நினைத்து வைத்தாள். ஒழுகினசேரியில் பிறந்த கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணனின் பெயரில் 'என்' நாகர்கோவில், 'எஸ்' சுடலைமுத்து. இசக்கியும் அப்படித்தான். யட்சி, இயக்கி, இசக்கி என்று நடந்து வந்த சொல் அது, முப்பந்தலில் குடிகொண்டிருப்பவள். ஆனால் இசக்கி என்ற பெயரைக் கண்டதும் பெண் என்று எழுதிவிடக் கூடாது. நேர்ந்து பெற்ற பிள்ளை ஆணாக இருந்தாலும் அந்தப் பெயர்தான். பகவதிக்கும் இதே கதி: பகவதியம்மாளும் உண்டு, பகவதிப்பெருமாளும் உண்டு, சுருக்கிக் கூப்பிட்டால் இருவரும் பகவதி.

தாணுமாலயன் என்ற பெயரில் வேறு விதமான தவறு நடக்கிறது. அதை 'தாணும் ஆலயன்' என்று பிரித்து, ஆலயத்தோடு முடிச்சுப் போடுகிறவர்களைப் பார்க்கலாம். தாணுமாலயன் சுசீந்திரத்து இறைவன்; மூவரும் ஒருவரானவர். தாணு என்றால் சிவன், மால் திருமால், அயன் பிரமன். சிவதாணு, தாணுலிங்கம், தாணுப்பிள்ளை என்று நாஞ்சில் நாட்டில் தெருவுக்குத் தெரு கேட்கும் பெயர்கள் எல்லாம் அந்தக் கோபுரத்தைச் சுற்றி வந்தவை. இப்படிப் பெயரைக் கொண்டு ஊரைச் சொல்லிவிடலாம் என்று முடிவுகட்டுவதிலும் ஆபத்து இருக்கிறது. பூதப்பாண்டியில் 1907இல் பிறந்த பொதுவுடைமைத் தலைவர் ஜீவாவுக்குப் பெற்றோர் வைத்த பெயர் சொரிமுத்து. சொரிமுத்து ஐயனார் இருப்பதோ மலைக்கு அந்தப் பக்கம், பாபநாசத்துக்கு மேலே. குலதெய்வத்துக்குத் தாலுகா எல்லை தெரியாது.

கிறிஸ்தவப் பெயர்களில்தான் குழப்பம் அதிகம். 'தமிழ்ப் பெயராக இருக்கிறதே, பைபிளில் இல்லையே' என்று பலர் ஒதுக்கிவிடும் பெயர்கள் பைபிள் பெயர்களின் நேர் மொழிபெயர்ப்பு. நட்டாலத்து நீலகண்ட பிள்ளை 1745இல் வடக்கன்குளத்தில் ஞானஸ்நானம் பெற்றபோது அவருக்கு வைத்த பெயர் லாசர். எபிரேய மொழியில் அதற்குக் 'கடவுள் உதவினார்' என்று பொருள். அதைத் தமிழில் வைத்தால் தேவசகாயம். 1752இல் ஆரல்வாய்மொழிக் காற்றாடிமலையில் கொல்லப்பட்டு, 2022 மே 15 அன்று வத்திக்கானில் புனிதராக அறிவிக்கப்பட்டார். மாவட்டம் முழுக்க இருக்கும் தேவசகாயங்களும் சகாயமேரிகளும் வெறும் உதவியைக் குறிப்பதாக எழுதினால் பாதி கதை போய்விடும். (சகாயமேரிக்குச் சகாய மாதா தனியாக உண்டு.) சின்னப்பன் என்றால் குள்ளமானவன் என்று நினைக்க வேண்டாம். லத்தீனில் பவுலுஸ் என்றால் சிறியவர்; ஆகவே பவுல் சின்னப்பர் ஆனார். யோவானின் பெயரில் இறைவனின் அருள் இருப்பதால் அவர் அருளப்பர். சூசை போர்த்துகீசிய ஜோசேயின் வழி கடற்கரைக்கு வந்த யோசேப்பு. அதனால் கத்தோலிக்க வீட்டுச் சூசையும் சி.எஸ்.ஐ. (புராட்டஸ்டன்ட்) வீட்டு யோசேப்பும் பெயரளவில் ஒருவரே. வம்ச விவரம் தேடுகிறவர் இதைக் கவனிக்காவிட்டால் ஒரே பெயரை இரண்டாக எண்ணிக்கொண்டிருப்பார்.

வியாகுலம் என்ற பெயருக்குத் துயரம் என்று பொருள் பார்த்துவிட்டு, பெற்ற பிள்ளைக்கு யாராவது இப்படி வைப்பார்களா என்று கேட்கிறார்கள். வியாகுல மாதாவின் பெயர் அது. வேதமாணிக்கம், வேதமணி ஆகிய பெயர்களில் ரிக் வேதத்தைத் தேடக் கூடாது. தெற்கே கிறிஸ்தவர்களை வேதக்காரர் என்றும் அவர்கள் ஆலயத்தை வேதக்கோயில் என்றும் சொல்வது பழைய வழக்கம். வேதம் இங்கே பைபிள். மயிலாடியின் மகாராசன் கிறிஸ்தவராகி வேதமாணிக்கம் ஆனார். அவருடைய ஊருக்குத்தான் 1806இல் மிஷனரி ரிங்கல்தௌபே வந்தார். அதன்பின் வந்த லண்டன் மிஷன் விடுதிப் பள்ளிகளில், பிள்ளையின் செலவை ஏற்றுக்கொண்ட இங்கிலாந்து நன்கொடையாளரின் விருப்பப்படி பெயர் சூட்டுவதும் நடந்தது. ஆகவே பூட்டன் பெயர் ஏதோ ஓர் ஆங்கிலேயருடையதாக இருந்தால் உடனே இரத்த உறவைக் கற்பனை செய்யாதீர்கள். சந்தா கட்டியவர் பெயராக இருக்கலாம்.

பட்டத்தைப் பெயர் என்றும் பெயரைப் பட்டம் என்றும் எடுத்துக்கொள்வது இன்னொன்று. திருவிதாங்கூரின் தளவாயாக (முதலமைச்சராக) இருந்த தலக்குளத்து வேலுத்தம்பியின் முழுப்பெயர் வேலாயுதன் செண்பகராமன் தம்பி. இப்போதைய வழக்கத்தில் படித்தால் செண்பகராமனைத் தந்தை ஆக்கிவிடுவோம். அது திருவிதாங்கூர் அரசர் கொடுத்த பட்டம். இதற்கு எதிர்த்தவறும் உண்டு. தளவாய் என்று தாத்தாவுக்குப் பெயர் இருந்ததை வைத்துக்கொண்டு 'நாங்கள் மந்திரி வம்சம்' என்று சொல்வதற்கு முன், குடும்பத்தில் தளவாய் மாடன் என்ற தெய்வத்துக்குப் படுக்கை (படையல்) உண்டா என்று விசாரிப்பது நல்லது. ஜெபசிங், ராஜாசிங் ஆகியோருக்குப் பஞ்சாபோடு சம்பந்தம் கிடையாது. பிள்ளை என்ற ஒட்டை மட்டும் பார்த்துச் சாதி சொல்கிறவர்களுக்கு ஒரு வார்த்தை: இந்த மாவட்டத்தில் அதை வெள்ளாளரும் எழுதினார்கள், நாயரும் எழுதினார்கள். பெயரைக் கேட்டுச் சாதியை மோப்பம் பிடிக்கும் வேலையே அசிங்கமானது; அதிலும் இங்கே அது பலிப்பதும் இல்லை.

1956 நவம்பர் 1 வரை இந்தப் பகுதி முதலில் திருவிதாங்கூரிலும் 1949க்குப் பிறகு திருவிதாங்கூர்-கொச்சியிலும் இருந்தது என்பதைப் பழைய ஆவணம் புரட்டுகிறவர்கள் மறந்துவிடுகிறார்கள். மேற்கே கல்குளம், விளவங்கோடு பக்கம் ஒருவருடைய பெயருக்கு முன்னால் நிற்பது ஊராகவோ வீட்டுப் பெயராகவோ இருக்கலாம். பெரும்பாலும் அது '-விளை' என்று முடியும். விளைச்சலோடு அதைக் குழப்ப வேண்டாம். வயலிலிருந்து வேறுபட்ட, தென்னையும் பனையும் மரச்சீனியும் (மரவள்ளி) நிற்கும் கரைநிலம்தான் விளை. நிலம் கைமாறி, வீடு இடிந்து, பெயர் மட்டும் குடும்பத்தோடு போயிருக்கும். நாஞ்சில் நாட்டு வெள்ளாளரிடம் 1926இல் சட்டம் வரும்வரை மருமக்கள்வழி இருந்தது; சொத்து மகனுக்கு அல்ல, சகோதரியின் மகனுக்குப் போகும். அந்தக் குடும்பங்களின் பழைய பத்திரங்களில் தந்தை, மகன் என்றே தேடினால் கிளை பாதியில் அறுந்துவிடும். காரணவரையும் (குடும்பத் தலைவரான தாய்மாமன்) மருமகனையும் பாருங்கள். தேதி மலையாள வழக்கான கொல்லம் ஆண்டில் இருக்கும். ஆவணி முதல் டிசம்பர் வரை 824, ஜனவரிக்குப் பிறகு 825 கூட்டினால் ஆங்கில ஆண்டு கிடைக்கும்.

பழைய பதிவுகளில் எளிய பெயர்களையே கண்டு, முன்னோருக்கு ரசனை இல்லை என்று நினைப்பது பெரிய அநியாயம். 1809இல் இன்றைய சாமித்தோப்பில் பிறந்த பிள்ளைக்குப் பெற்றோர் முடிசூடும் பெருமாள் என்று பெயரிட்டார்கள். அந்தப் பெயர் அவர்களுக்கு ஆகாது என்று மேல்சாதியினர் எதிர்த்ததால் முத்துக்குட்டி என்று மாற்ற வேண்டியதாயிற்று. அந்தப் பிள்ளைதான் பின்னாளில் அய்யா வைகுண்டர். குட்டி, குஞ்சு என்று எழுதப்பட்ட எத்தனையோ பெயர்களுக்குப் பின்னால் வாய்விட்டுக் கூப்பிட முடியாத வேறொரு பெயர் இருந்திருக்கும்.

இன்றைய பிள்ளைகளின் அஜின், சுபின், ஜெனிஷா வகைப் பெயர்களைப் பற்றி நீட்ட ஒன்றுமில்லை. அப்பா பெயரில் ஓர் எழுத்தும் அம்மா பெயரில் ஓர் எழுத்தும் சேர்த்து, காதுக்கு நன்றாக இருக்கிறது என்று உண்டாக்கியவை நிறைய. அவற்றுக்கு எபிரேயத்திலும் சமஸ்கிருதத்திலும் வேர் காட்டும் பட்டியல்களை நம்ப வேண்டாம்.

கடைசியாக, காசும் நேரமும் போகிற தவறு. நமக்குக் குடும்பப்பெயர் வழக்கம் கிடையாது, பாஸ்போர்ட் படிவத்திலோ அதற்கொரு கட்டம் இருக்கிறது. அதை வெறுமையாக விட்டுப் பெயரை ஒற்றையாக எழுதியவர்கள் பலர், 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம் ஒற்றைப்பெயர் பாஸ்போர்ட்டுக்குச் சுற்றுலா விசா கிடையாது என்று அறிவித்தபோது தவித்துப்போனார்கள். இரண்டாம் பக்கத்தில் தந்தை பெயர் இருந்தால் போதும் என்று பிறகு தளர்த்தினார்கள். வீட்டுக்கு வீடு வளைகுடா போகிற மாவட்டம் இது. பள்ளிச் சான்றிதழில் அப்பா பெயர், ஆதாரில் வீட்டுப் பெயரின் முதலெழுத்து, பாஸ்போர்ட்டில் இரண்டும் என்று விடாமல், தலைப்பெழுத்தின் விரிவை ஒன்றாக முடிவுசெய்து எல்லா இடத்திலும் அதே எழுத்துக்கூட்டலில் எழுதுங்கள். பிறப்புப் பதிவில் பெயர் சேர்க்க முதல் 12 மாதம் கட்டணம் கிடையாது. அதன்பின் 15 ஆண்டு வரை தாமதக் கட்டணத்தோடு சேர்க்கலாம்.