ஜூன் மாத டியூட்டி சார்ட் போடும் முன்: என்பிஏ இறுதித் தொடர் அட்டவணையைப் படிப்பது எப்படி

எங்கள் வார்டில் ஜூன் மாத டியூட்டி சார்ட்டை மே கடைசி வாரத்துக்குள் ஒட்டியாக வேண்டும். சார்ட் போடுவது இன்சார்ஜ் சிஸ்டரான என் வேலை. கோயம்புத்தூரில் பள்ளி அணிக்கு பாஸ்கெட்பால் ஆடியவள் நான். அமெரிக்க பாஸ்கெட்பால் லீக்கான என்பிஏவின் இறுதித் தொடரை நேரலையில் பார்க்காமல் விட மனசு வராது. சிக்கல் என்னவென்றால், சார்ட் ஒட்டும் நாளில் இறுதிக்கு வரப்போகும் இரண்டு அணிகள் எவை என்பதே பெரும்பாலும் தெரிந்திருக்காது. ஆனால் அணிகள் முடிவாகும் முன்பே நாட்கள் முடிவாகிவிடும். அதைப் பிடித்துக்கொண்டால் ஜூன் மாதத்தை மே மாதமே ஒழுங்கு பண்ணிவிடலாம். ஷிப்ட் வேலை பார்க்கும் யாருக்கும் இது உதவும்.

முதலில், ஏழு ஆட்டம் வரை போகக்கூடிய இறுதித் தொடரின் முதல் ஆட்டம் எந்தத் தேதி என்று லீக் அறிவித்திருப்பதைக் குறித்துக்கொள்ளுங்கள். அதற்கு முந்தைய சுற்றுகளின் தேதிகளை அவ்வளவு நம்ப வேண்டாம். ஒரு சுற்றில் எல்லாரும் சீக்கிரம் முடித்துவிட்டால் அடுத்த சுற்றை ஒன்றிரண்டு நாள் முன்னால் இழுத்துவிடுவார்கள். இறுதித் தொடர் அப்படி நகராது. 2024இல் பாஸ்டன் செல்டிக்ஸ் தங்கள் கான்ஃபரன்ஸ் (லீக்கின் கிழக்கு, மேற்கு என்ற இரண்டு பிரிவுகளில் ஒன்று) இறுதியை 4-0 என்று மே 27ஆம் தேதியே முடித்துவிட்டது. டல்லஸ் மேவரிக்ஸ் மே 30இல் முடித்தது. இரண்டு அணியும் தயார்தான், ஆனாலும் ஜூன் 6 வரைக்கும் எல்லாரும் காத்திருந்தார்கள். தொலைக்காட்சி, விளம்பரம் எல்லாம் அந்தத் தேதியை நம்பி விற்கப்பட்டவை. நமக்கும் அதுதான் வசதி.

முதல் தேதி கிடைத்ததும் மீதித் தேதிகளை இடைவெளியை வைத்தே போட்டுவிடலாம். 2022 முதல் 2025 வரை நான்கு வருடமும் ஒரே வரிசை: வியாழன், ஞாயிறு, புதன், வெள்ளி, திங்கள், வியாழன், ஞாயிறு. 2025இல் ஓக்லஹோமா சிட்டி தண்டருக்கும் இண்டியானா பேசர்ஸுக்கும் நடந்த தொடர் ஜூன் 5, 8, 11, 13, 16, 19, 22 என்று போனது. ஏழு ஆட்டத்துக்குப் பதினெட்டு நாள். 2018, 2019இலும் இதே வரிசைதான். தொடக்க நாள் எந்த வருடமாவது மாறினால் மற்ற கிழமைகளும் மாறும். அதனால் கிழமையை மனப்பாடம் செய்வதைவிட, அந்த இடைவெளி ஏன் அப்படி இருக்கிறது என்று தெரிந்துகொள்வது நல்லது.

சார்ட் போடுகிற கண்ணோடு பார்த்தால் காரணம் சட்டென்று புரியும். 2025 தேதிகளையே பாருங்கள். எல்லா இடத்திலும் நடுவில் இரண்டு நாள் ஓய்வு, மூன்றாவது ஆட்டத்துக்கும் நான்காவதுக்கும் நடுவில் மட்டும் ஒரே நாள். அந்த இரண்டும் ஒரே ஊரில், யாரும் விமானம் ஏற வேண்டாம். முதல் இரண்டும் ஒரே ஊர்தானே, அங்கே மட்டும் ஏன் இரண்டு நாள் என்று கேட்கலாம். அது ஞாயிற்றுக்கிழமைக்காக. ஞாயிறு இரவு அமெரிக்காவில் வீட்டில் உட்கார்ந்து டிவி பார்க்கிற இரவு. சனிக்கிழமை இரவு வெளியே போகிற இரவு, அதனால் முடிந்தவரை சனியைத் தவிர்ப்பார்கள். கொரோனாவால் தள்ளிப்போன 2021 தொடர் ஜூலை 6ஆம் தேதி செவ்வாயன்று தொடங்கியது, அதில் ஐந்தாவது ஆட்டம் சனிக்கிழமை வந்தது. அப்படியும் நடக்கும்.

இன்னொரு காரணமும் உண்டு. அதே ஜூனில் ஐஸ் ஹாக்கியின் ஸ்டான்லி கோப்பை இறுதியும் நடக்கும். 2025இல் அது ஜூன் 4, 6, 9, 12, 14, 17 என்று நடந்தது. மேலே இருக்கும் பாஸ்கெட்பால் தேதிகளோடு ஒப்பிட்டுப் பாருங்கள், ஒன்றுகூட இடிக்காது. பாஸ்டனிலும் டென்வரிலும் இரண்டு விளையாட்டுக்கும் ஒரே அரங்கம் வேறு. ஐஸ் மேல் பலகை பரப்பி பாஸ்கெட்பால் ஆடுவார்கள்.

அடுத்து நம் ஊர் நேரம். பாதிப் பேர் தடுக்கி விழுவது இங்கேதான். அறிவிக்கப்படும் நேரம் பொதுவாக அமெரிக்கக் கிழக்கு நேரம். ஜூனில் அதற்கும் நமக்கும் ஒன்பதரை மணி நேர வித்தியாசம். டிசம்பர், ஜனவரியில் பத்தரை. கிறிஸ்துமஸ் ஆட்டத்துக்குப் போட்ட கணக்கை ஜூனில் போட்டால் ஒரு மணி நேரம் தாமதமாக டிவியைப் போடுவீர்கள், முதல் பாதி கிட்டத்தட்ட முடிந்திருக்கும். 2025இல் வார நாள் ஆட்டங்கள் இரவு 8.30, ஞாயிறு ஆட்டங்கள் இரவு 8. நமக்கு அது மறுநாள் காலை 6 மணியும் 5.30 மணியும். 2022இல் வார நாள் ஆட்டம் 9 மணிக்கு இருந்தது, நமக்கு 6.30. யாழ்ப்பாணத்துக்கும் நம் நேரமே. அமெரிக்க இரவு 8.30 ஆட்டம் சிங்கப்பூர், கோலாலம்பூரில் காலை 8.30, துபாயில் விடிகாலை 4.30, லண்டனில் நள்ளிரவு தாண்டி 1.30.

மறுநாள் என்பதை அடிக்கோடு போட்டுக்கொள்ளுங்கள். அவர்கள் வியாழன் என்றால் நமக்கு வெள்ளி. ஆக, தொடர் அங்கே வியாழனில் தொடங்கி வழக்கமான இடைவெளியில் போனால் நம் வரிசை வெள்ளி, திங்கள், வியாழன், சனி, செவ்வாய், வெள்ளி, திங்கள். அந்த வரிசையில் ஞாயிற்றுக்கிழமை காலை ஒரு ஆட்டம்கூடக் கிடையாது பாருங்கள். அப்படிப்பட்ட வருடத்தில் ஞாயிறு வீக் ஆஃப் வாங்கி வைப்பதில் புண்ணியமே இல்லை. சில செயலிகள் நம் போன் நேரத்துக்கு மாற்றிக் காட்டும், சில இணையதளங்கள் அமெரிக்கத் தேதியையே காட்டும். எது எப்படி என்று சந்தேகம் வந்தால் நேரத்தைப் பாருங்கள். காலை 6 என்று போட்டிருந்தால் மாற்றியாகிவிட்டது, இரவு 8.30 என்று போட்டிருந்தால் மாற்றவில்லை.

இனி ஷிப்ட். எங்கள் மார்னிங் டியூட்டி ஏழரைக்குத் தொடங்கும், நைட் டியூட்டி எட்டுக்கு முடியும். இரண்டுமே ஆட்டத்தைத் தின்றுவிடும். பந்து மேலே போவதற்கே அறிவித்த நேரத்தைத் தாண்டிச் சில நிமிடம் ஆகும். அங்கிருந்து சுமார் இரண்டரை மணி நேரம், கூடுதல் நேரம் வந்தால் இன்னும் கொஞ்சம். அதனால் ஆட்டம் இருக்கிற நாளுக்கு ஈவினிங் ஷிப்ட் எழுதிக்கொள்வதே சரி. லீவும் வீணாகாது. முந்தின நாள் நைட் மட்டும் விழாமல் பார்த்துக்கொள்ளுங்கள். சார்ட் போடுகிறவளே தனக்கு ஏழு ஈவினிங் எழுதிக்கொண்டால் மற்றவர்கள் சும்மா இருப்பார்களா என்று கேட்பீர்கள். இருக்க மாட்டார்கள். பதிலுக்கு ஜூனில் இரண்டு ஞாயிறு நைட்டை நானே எடுத்துக்கொள்கிறேன். மறுநாள் திங்கள் ஆட்டம் இல்லாத ஞாயிறாகப் பார்த்துத்தான்.

அட்டவணையில் ஐந்து, ஆறு, ஏழாவது ஆட்டங்களுக்குப் பக்கத்தில் ஒரு நட்சத்திரக் குறி இருக்கும். தேவைப்பட்டால் மட்டும் நடக்கும் என்று அர்த்தம். முதலில் நான்கு ஆட்டம் ஜெயிக்கும் அணிக்குக் கோப்பை, ஆகவே நான்கு ஆட்டம் உறுதி, மீதி சந்தேகம். எங்கள் வார்டு ஜூனியர் ஒருத்தி இதைக் கேட்டுவிட்டு, "அப்போ அந்த ஸ்டார் போட்ட மேட்ச் நடக்கலைன்னா அந்த ஈவினிங்கை எனக்குத் திருப்பிக் குடுத்துடுவீங்களாங்கக்கா?" என்றாள். நியாயமான கேள்வி. இப்போது சார்ட்டிலேயே அந்த மூன்று நாளுக்கும் பென்சிலில்தான் எழுதுகிறேன்.

நான்காவது ஆட்டம் முடிந்ததும் பென்சில் எழுத்தை முடிவு செய்யலாம். 2-2 என்றால் ஐந்தாவது மட்டுமல்ல, ஆறாவதும் நிச்சயம், ஏனென்றால் ஐந்தாவதை யார் ஜெயித்தாலும் 3-2தான். 3-1 என்றால் ஐந்தாவது மட்டும் உறுதி. அதற்காக ஆறு, ஏழை உடனே அழித்துவிடாதீர்கள். 2016இல் கிளீவ்லாந்து கேவலியர்ஸ் 1-3 என்று பின்தங்கி, கோல்டன் ஸ்டேட் வாரியர்ஸின் ஓக்லாந்து அரங்கத்திலேயே ஏழாவது ஆட்டத்தை ஜெயித்தது. பொதுவாக ஏழுவரை போவது அபூர்வம். 1947 முதல் 2025 வரை நடந்த 79 இறுதித் தொடர்களில் 20 மட்டுமே ஏழாவது ஆட்டத்தைப் பார்த்தன. 2016க்குப் பிறகு அடுத்தது 2025இல்தான். நாலில் ஒன்று என்று வைத்துக்கொண்டு பேரம் பேசுங்கள்.

எந்த ஊரில் நடக்கும் என்பது நம் அலாரத்தை மாற்றாது, ஆனால் தொடரைப் படிக்க அது தெரிந்தாக வேண்டும். இப்போதைய முறை 2-2-1-1-1. ரெகுலர் சீசனின் 82 ஆட்டங்களில் அதிகம் ஜெயித்த அணி 1, 2, 5, 7ஆவது ஆட்டங்களைத் தன் ஊரில் ஆடும். கான்ஃபரன்ஸுக்குள் யார் முதலிடம் என்பது இங்கே செல்லாது. 2019இல் வாரியர்ஸ் மேற்கில் முதலிடம், டொரோண்டோ ராப்டர்ஸ் கிழக்கில் இரண்டாமிடம். ஆனால் ராப்டர்ஸ் 58 ஆட்டம் ஜெயித்திருந்தது, வாரியர்ஸ் 57. ஒரே ஒரு ஆட்ட வித்தியாசத்தில் தொடர் டொரோண்டோவில் தொடங்கியது. குளிர்காலத்தில் ஏதோ ஒரு நாள் தோற்ற ஆட்டம் ஜூனில் வந்து கணக்குக் கேட்கும். ஏழாவது ஆட்டம் சொந்த ஊரில் என்பது சின்ன விஷயம் அல்ல: அந்த 20இல் 16ஐ ஜெயித்தது சொந்த ஊர் அணி.

பழைய ஆட்டங்களைத் தேடிப் பார்க்கிறவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. 1985 முதல் 2013 வரை முறை 2-3-2. நடுவில் மூன்று ஆட்டமும் ஒரே ஊரில். அந்தக் காலத்தில் பாஸ்டனும் லாஸ் ஏஞ்சல்ஸும் அடிக்கடி மோதின. நாட்டின் இந்தக் கரைக்கும் அந்தக் கரைக்கும் மாறி மாறிப் பறந்து அணிகளுக்கும் நிருபர்களுக்கும் இடுப்பு ஒடிந்தது. செல்டிக்ஸ் அணி நிர்வாகி ரெட் ஆவர்பாக் இதைப் பற்றிப் புலம்பியதும் ஒரு காரணம் என்று அன்றைய கமிஷனர் டேவிட் ஸ்டெர்ன் பின்னாளில் சொல்லியிருக்கிறார். பயணம் குறைந்தது, வேறொரு அநியாயம் சேர்ந்தது. 82 ஆட்டம் கஷ்டப்பட்டு முன்னிலை வாங்கிய அணி, 2-2 என்று இருக்கும்போது ஐந்தாவது ஆட்டத்தை எதிராளி ஊரில் ஆட வேண்டும். 2013இல் மயாமி ஹீட்டுக்கு அதுதான் நடந்தது. 2-2 நிலையில் சான் அன்டோனியோவில் ஐந்தாவதைத் தோற்றது, பிறகு ஊருக்குத் திரும்பி இரண்டையும் ஜெயித்துத் தப்பியது. அந்த அக்டோபரிலேயே அணி முதலாளிகள் வாக்களித்து 2014 முதல் பழைய முறைக்குத் திரும்பினார்கள். இதற்குள் எல்லா அணிக்கும் தனி விமானம் வந்துவிட்டது என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். என்னைக் கேட்டால் 2-3-2 போனது நல்லதுதான்.

அதற்கும் முந்தைய அட்டவணைகளைப் பார்த்தால் சார்ட் போடுகிற எனக்கு ரத்தம் கொதிக்கும். 1980இல் மூன்றாவது ஆட்டம் மே 10 சனி, நான்காவது மே 11 ஞாயிறு. அடுத்தடுத்த நாள்! வார இறுதியில் ஒளிபரப்ப வசதி என்பதற்காக. அதே தொடரின் ஆறாவது ஆட்டம் வெள்ளி இரவு. கணுக்கால் காயத்தால் லாஸ் ஏஞ்சல்ஸ் லேக்கர்ஸ் அணியின் நட்சத்திரம் கரீம் அப்துல் ஜப்பார் வரவில்லை, இருபது வயது மேஜிக் ஜான்சன் அவர் இடத்தில் இறங்கி 42 புள்ளி எடுத்தார். பல ஊர்களில் சிபிஎஸ் தொலைக்காட்சி அதை நேரலையில் காட்டவே இல்லை, வழக்கமான நிகழ்ச்சிகள் முடிந்து இரவு பதினொன்றரைக்குப் பதிவை ஓட்டியது.

அரங்கம் கிடைக்காத கதைகளும் உண்டு. 1955இல் ஃபோர்ட் வெய்ன் பிஸ்டன்ஸின் அரங்கத்தை பௌலிங் போட்டிக்குக் கொடுத்துவிட்டார்கள், அணி தன் இறுதி ஆட்டங்களை இண்டியானாபொலிஸில் ஆடியது. 2009இல் டென்வர் அரங்கத்தை மே 25க்கு டபிள்யூடபிள்யூஇ மல்யுத்தத்துக்கு முன்பதிவு செய்திருந்தார்கள். டென்வர் நக்கெட்ஸ் கான்ஃபரன்ஸ் இறுதிவரை வரும் என்று யாரும் எதிர்பார்க்கவில்லை போல. கடைசியில் மல்யுத்தம் லாஸ் ஏஞ்சல்ஸுக்குப் போனது.

பெண்கள் லீக்கான டபிள்யூஎன்பிஏவையும் பார்ப்பவர் என்றால் அக்டோபருக்கும் இதே வேலையைச் செய்யுங்கள். 2025 முதல் அவர்களின் இறுதித் தொடரும் ஏழு ஆட்டம், அதே 2-2-1-1-1. முதல் வருடமே லாஸ் வேகஸ் ஏசஸ் 4-0 என்று முடித்துவிட்டது, நட்சத்திரம் போட்ட மூன்றும் நடக்கவில்லை. அங்கே ஞாயிறு ஆட்டத்தை மதியம் வைத்தால் நமக்கு நள்ளிரவைத் தாண்டிவிடும். அன்றைக்கு மட்டும் ஈவினிங் ஷிப்ட் எழுதினால் போதாது, அடுத்த நாள் மார்னிங்கும் இல்லாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.